தொலைந்தவன் எடுத்த ஒரே படம்

நண்பர்களே, இந்த மனிதருக்கு, நடிகர் பீட்டர் லோரேவுக்கு, சீட்டியடிக்கவே வராது. ஆனால் உலக சினிமாவில் மிக அதிகம் பேசப்பட்ட சீட்டி அவர் நடித்த பாத்திரத்தினுடையது. 1931இல் ஜெர்மனியில் ஃபிரிட்ஸ் லாங் எடுத்த ‘எம்’ படத்தில், குழந்தைகளைக் கொல்கிறவன் ஒரு மெட்டைச் சீட்டியடித்தபடியே தெருவில் வருவான். சத்தம் வேறொருவருடையது. முகம் பீட்டர் லோரேவினுடையது. அவர் வாழ்க்கை முழுக்க இதே கதைதான்: முகம் அவருடையது, அதை என்ன செய்வது என்று முடிவுசெய்தவர்கள் மற்றவர்கள்.

பிறந்தபோது பெயர் லாஸ்லோ லோவன்ஸ்டைன். 1904இல், அன்றைய ஹங்கேரியின் ரோஜாஹெஜ் என்ற ஊர். ரோஜாமலை என்று பொருள். ஊர் இன்று ஸ்லோவாக்கியாவில் இருக்கிறது. யூதக் குடும்பம். வியன்னாவில் வங்கிக் குமாஸ்தாவாகக் கொஞ்ச நாள். பிறகு மோரேனோ என்ற மருத்துவர் நடத்திய நாடகக் குழு. அங்கே எழுதிய வசனம் கிடையாது. மேடையில் நின்று அந்தக் கணத்தில் தோன்றுவதைப் பேச வேண்டும். இதைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், கடைசியில் வருகிறேன்.

‘எம்’ படத்தின் இறுதியில், நகரத்துத் திருடர்களெல்லாம் கூடி அவனை விசாரிப்பார்கள். மண்டியிட்டு, கண்கள் பிதுங்க, தன்னை உள்ளிருந்து ஏதோ துரத்துகிறது என்று கதறுவான். அதுவரை வெறுத்தவனைப் பார்த்து நமக்கு வயிறு கலங்கும். அப்போது லோரேவுக்கு 26 வயதுதான்.

1933இல் ஹிட்லர் வந்ததும் அவர் ஜெர்மனியை விட்டுப் போனார். முகம் போகவில்லை. 1940இல் நாஜிகள் எடுத்த யூத வெறுப்புப் படத்தில் இதே காட்சியை வெட்டி ஒட்டினார்கள், யூதனின் புத்தி இதுதான் என்று காட்ட! நடித்தது நடிப்பு என்பதுகூட அவர்களுக்கு வேண்டாம்.

1934இல் லண்டனில் ஹிட்ச்காக் படம். ஆங்கிலம் தெரியாது, வசனத்தை ஒலியாக மனப்பாடம் செய்து பேசினார். ஹாலிவுட் அவரை ஜப்பானியத் துப்பறிவாளர் மோட்டோவாக்கி, 1937 முதல் 1939 வரை எட்டுப் படம் எடுத்தது. ‘காசாபிளாங்கா’வில் சில நிமிடங்களே வருவார். அதன் இயக்குநர் மைக்கேல் கர்ட்டிஸும் ஹங்கேரிக்காரர்தான். ஊரை விட்டு வந்தவர்கள் சேர்ந்து, ஊரை விட்டு ஓடுகிறவர்களைப் பற்றி எடுத்த படம் அது. இதற்கிடையே மார்ஃபின் பழக்கம், கடன், 1949இல் திவால்.

அதன்பிறகுதான் ஜெர்மனிக்குத் திரும்பி, 1951இல், தானே எழுத்தில் பங்கெடுத்து, இயக்கி, நடித்தார். ‘டேர் ஃபெர்லோரெனெ’, அதாவது தொலைந்தவன். அந்தச் சொல்லுக்குள் ‘லோரே’ ஒலிப்பது உங்கள் காதில் விழுகிறதா? போர்க்கால ஹாம்பர்க். ஓர் ஆராய்ச்சி மருத்துவர். நிச்சயித்த பெண் தன் ஆய்வை எதிரிக்குக் கசியவிட்டாள் என்று தெரிந்து, கழுத்தை நெரித்துவிடுகிறான். அவனைக் கைது செய்யவில்லை. ஆள் தேவைப்படுகிறான், ஆகவே அரசு கொலையைத் தற்கொலையாக்கி மூடுகிறது. தண்டனை கேட்டு அலையும் மனதுக்குத் தண்டனை கொடுக்க அங்கே ஒருவருமில்லை. ‘எம்’ படத்தில் திருடர்களாவது நீதிமன்றம் நடத்தினார்கள்! என்னைக் கேட்டால், 20 ஆண்டு கழித்து லோரே திரையில் தன் முதல் பெரிய பாத்திரத்துக்குச் சொன்ன பதில் இந்தப் படம்.

போர் முடிந்து ஆறே ஆண்டு. ஜெர்மானியர்களுக்கு இதைப் பார்க்க மனமில்லை. படம் தோற்றது. அவர் மறுபடி ஒரு படம் இயக்கவேயில்லை.

அமெரிக்கா திரும்பினார், உடல் பருத்தது, கிடைத்த வேடங்களைச் செய்தார். 1963இல் ரோஜர் கார்மனின் ‘தி ராவன்’ என்ற பேய்க் கேலிப்படம். எழுதிக்கொடுத்த வசனத்தை ஓரம்வைத்துவிட்டு, லோரே வாயில் வந்ததைப் பேசினார். உடன் நடித்தவர்களில், வசனத்தை மனப்பாடம் செய்து வந்த போரிஸ் கார்லாஃப் எரிச்சலடைந்தார். வின்சென்ட் பிரைஸ் சிரித்துக்கொண்டே ஈடுகொடுத்தார். வியன்னா மேடையில் கற்றதை, 40 ஆண்டு கழித்து, யாரையும் கேட்காமல் எடுத்துவிட்டார். மறு ஆண்டு மார்ச்சில், 59 வயதில், இறந்தார். இறுதிச் சடங்கில் பேசியவர் அதே வின்சென்ட் பிரைஸ்.