பொய்யைக் கட்டிக்காத்த எஞ்சினியர்

அவையோருக்கு வணக்கம்.

நகைச்சுவையைப் பற்றிப் பேச வருகிறவனிடம் சபை இரண்டு விஷயங்களை எதிர்பார்க்கும். சிரிக்க வைக்க வேண்டும், நேரத்துக்கு முடிக்க வேண்டும். முதலாவதற்கு நான் உத்தரவாதம் தர மாட்டேன். இரண்டாவதற்கு, தலைவர் கையில் மணி இருக்கிறது.

நாடகாசிரியரும் சினிமா வசனகர்த்தாவுமான கிரேஸி மோகனைப் பற்றிப் பேசப் போகிறேன் என்றதும் ஒரு நண்பர் முகத்தைச் சுளித்தார். "அது மயிலாப்பூர்ப் பகிடி. சொல்லை இரண்டாக உடைத்து வைத்தால் பகிடியா? யாழ்ப்பாணத்தாரான எங்களுக்கும் அவருக்கும் என்ன?" என்றார். பலருடைய மனதிலும் இருக்கிற குறைதான் இது. கிரேஸி மோகன் என்றால் வார்த்தை விளையாட்டு, கடி ஜோக். அவ்வளவுதான் என்று நினைக்கிறோம். எனக்கு அது சரியாகப் படவில்லை. அந்தச் சொற்களை எல்லாம் உருவி எடுத்தாலும் அவருடைய நாடகம் ஓடும் என்பது என் கட்சி. ஏன் ஓடும் என்பதைத்தான் இன்றைக்குச் சொல்ல வந்தேன்.

முதலில் ஆள் யார் என்று பார்ப்போம். பிறந்தது 1952 அக்டோபர் 16. சென்னை கிண்டி பொறியியல் கல்லூரியில் மெக்கானிக்கல் எஞ்சினியரிங் படித்தவர். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு தேவைப்படும். படிக்கிற காலத்திலேயே, 1972இல், கல்லூரிகளுக்கு இடையிலான போட்டி ஒன்றுக்காக 'கிரேட் பேங்க் ராபரி' என்று ஒரு நாடகம் எழுதினார். அதற்குப் பரிசு கொடுத்தவர் அப்போது இளைஞராக இருந்த கமல்ஹாசன். பிறகு இருவரும் சேர்ந்து என்னென்ன செய்தார்கள் என்பது உங்களுக்குத் தெரியும்.

படிப்பு முடிந்து சுந்தரம் கிளேட்டன் கொம்பனியில் வேலை. பகலில் தொழிற்சாலை, இரவில் நாடகம். எஸ்.வி. சேகரின் குழுவுக்காக 1976இல் எழுதிய 'கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம்' பெரிய வெற்றி பெற்றது. அந்தத் தலைப்பின் முதற்சொல் ரங்காச்சாரி மோகனின் பெயரோடு ஒட்டிக்கொண்டது. நல்லவேளை, இரண்டாவது சொல் ஒட்டவில்லை. 1979இல் 'கிரேஸி கிரியேஷன்ஸ்' என்று சொந்தக் குழு. தம்பி பாலாஜிதான் கதாநாயகன், பாத்திரத்தின் பெயர் மாது. கூட்டாளி சீனு. கதாநாயகிக்கு எப்போதும் ஜானகி என்று பெயர். பள்ளிக்கூடத்தில் தன்னை மேடையேற்றிய ஆசிரியையின் பெயர் அது. 'அவ்வை சண்முகி'யில் மீனா, 'தெனாலி'யில் ஜோதிகா, 'பம்மல் கே. சம்பந்தம்' படத்தில் சிம்ரன், 'வசூல்ராஜா'வில் சினேகா, எல்லோரும் ஜானகிதான். ஆசிரியர்களை ஞாபகம் வைத்திருக்கிற மாணவர்கள் உண்டு. இப்படி வசூலாகிற ஞாபகம் குறைவு.

'மேரேஜ் மேட் இன் சலூன்' என்ற அவருடைய நாடகத்தை கே. பாலசந்தர் 1983இல் 'பொய்க்கால் குதிரை' என்று படமாக எடுத்தார். கவிஞர் வாலி நடித்த படம். அங்கிருந்து சினிமா. ஆனால் கதவைத் திறந்துவிட்டது 1989இல் வந்த 'அபூர்வ சகோதரர்கள்'. அடுத்த ஆண்டு 'மைக்கேல் மதன காமராஜன்'. அதன்பின் 'மகளிர் மட்டும்', 'சதி லீலாவதி', 'அவ்வை சண்முகி', 'காதலா காதலா', 'தெனாலி', 'பஞ்சதந்திரம்' என்று வரிசை போகும்.

சரி, வாழ்க்கை வரலாறு போதும். இனித் தொழிலுக்கு வருவோம்.

கிரேஸி மோகனின் எந்தக் கதையையும் எடுத்துப் பாருங்கள். தொடக்கத்தில் யாரோ ஒரு பொய் சொல்வார். சின்னப் பொய், நாங்களும் சொல்லக்கூடிய பொய். அதைக் காப்பாற்ற இரண்டாவது பொய். இரண்டாவதைக் காப்பாற்ற ஓர் ஆள் வேஷம் போட வேண்டும். வேஷம் போட்டவரை உண்மையான ஆள் சந்தித்துவிடக் கூடாது. இவர் உள்ளே வந்தால் அவர் வெளியே போக வேண்டும். இப்படி, பற்சக்கரம் மாதிரி, ஒரு பல்லை இன்னொரு பல் தள்ளிக்கொண்டே போகும். மெக்கானிக்கல் எஞ்சினியர் என்று சொன்னேனே, அது இங்கேதான் வேலை செய்கிறது.

'அவ்வை சண்முகி'யில் ஒரு காட்சி. விவாகரத்தான பாண்டியன் தன் மகளோடு இருப்பதற்காக மாமி வேஷம் போட்டு மாமனார் விஸ்வநாத ஐயர் வீட்டுக்கு வேலைக்கு வந்துவிட்டார். ஆங்கிலத்தில் வந்த 'மிசஸ் டவுட்ஃபயர்' படத்தின் கருதான். ஆனால் அந்தப் படத்தில் இல்லாத ஒருவர் இங்கே இருக்கிறார். பாண்டியனுடைய நண்பர் பாஷா. நாசர் நடித்தது. அவரும் ஐயர் வீட்டுக்குச் சமையல்காரராக வருகிறார், பூணூல் போட்டுக்கொண்டு, ஊமையாக.

ஏன் ஊமை? வாயைத் திறந்தால் பேச்சு காட்டிக்கொடுத்துவிடும். ஐயர் வீட்டுப் பேச்சு அவருக்கு வராது. ஆகவே எழுத்தாளர் வாயை அடைத்துவிட்டார். சாதாரண எழுத்தாளராக இருந்தால் இதோடு பிரச்சினை தீர்ந்தது என்று அடுத்த காட்சிக்குப் போயிருப்பார். இவரோ வாயை அடைத்துவிட்டு, அந்த மனிதனிடம் அடைக்க முடியாதது என்ன இருக்கிறது என்று தேடுகிறார். தொழுகை நேரம் வருகிறது. பாஷா நல்ல மனிதர், நேரம் தவறாதவர். தொழுகிறார். ஐயர் பார்த்துவிடுகிறார்.

இந்தக் காட்சியில் மதத்தைப் பார்த்து யாரும் சிரிப்பதில்லை. கவனித்திருக்கிறீர்களா? பாஷாவின் நேர்மைதான் பொய்யை உடைக்கிறது. அவர் கொஞ்சம் நேர்மை குறைந்தவராக இருந்திருந்தால் மாட்டியிருக்க மாட்டார். இந்த இடத்தில் வார்த்தை விளையாட்டுக்கு வேலையே இல்லை. ஆளோ ஊமை!

இன்னொன்றும் சொல்ல வேண்டும். 'மகளிர் மட்டும்' படத்தில் நாகேஷ் பிணமாக வருவார். தமிழ் சினிமாவின் மிக வேகமான வாய்க்காரரைப் பிணமாகப் படுக்க வைத்து, வசனகர்த்தா பக்கத்தில் இருப்பவர்களை மட்டும் பேச விடுகிறார். படம் முடிந்து வந்தவர்கள் பேசியது நாகேஷைப் பற்றித்தான். வெறும் சொல் வியாபாரியாக இருக்கிற ஒருவருக்கு அந்தத் துணிச்சல் வராது.

சொல்லைப் பயன்படுத்துகிற இடத்திலும் கணக்கு இருக்கிறது. 'அபூர்வ சகோதரர்க'ளில் ஜனகராஜ் இன்ஸ்பெக்டர், ஆர்.எஸ். சிவாஜி கான்ஸ்டபிள். இன்ஸ்பெக்டர் ஒவ்வொரு முறையும் தப்பான முடிவுக்கு வருவார். கான்ஸ்டபிள் புல்லரித்துப்போய், "சார், நீங்க எங்கேயோ போயிட்டீங்க சார்" என்பார். வரியை மட்டும் பாருங்கள். அதில் என்ன பகிடி இருக்கிறது? ஒன்றுமில்லை. பஸ்ஸில் யாராவது சொன்னால் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டோம். கொலைகாரன் யார் என்று எங்களுக்குத் தெரியும், இன்ஸ்பெக்டருக்குத் தெரியாது. அவர் உண்மையிலிருந்து எவ்வளவு தூரம் போகிறாரோ அவ்வளவுக்குப் பாராட்டு கிடைக்கிறது. 'எங்கேயோ' போவது நிஜம்தான், அவ்வளவே. (சிரிக்கிறீர்கள். எங்கள் கந்தோர்களிலும் அந்தக் கான்ஸ்டபிள்கள் இருக்கிறார்கள் என்று தெரிகிறது.)

இந்தப் படங்களை நாங்கள் பார்த்த விதத்தையும் சொல்ல வேண்டும், ஏனென்றால் அதற்கும் அவருடைய எழுத்துக்கும் தொடர்பு உண்டு. 'மைக்கேல் மதன காமராஜன்' வந்தது 1990 தீபாவளிக்கு. அந்த நேரம் யாழ்ப்பாணத்தில், லக்சபானா நீர்மின் நிலையத்திலிருந்து வந்த மின்சாரம் நின்றுபோயிருந்தது. மண்ணெண்ணெய்க்கும் தட்டுப்பாடு. படம் பார்ப்பதென்றால் ரிவியும் வீடியோ டெக்கும் ஜெனரேற்றரும் வாடகைக்கு எடுத்து, வீட்டுக்கு வீடு பங்கு போட்டு, முற்றத்தில் பாய் விரித்து விடிய விடியப் பார்ப்பது. கிழவர் கிழவி, குழந்தை குட்டி எல்லோரும் அங்கேதான். நானும் அந்தப் படத்தை அப்படி ஒரு முற்றத்தில்தான் பார்த்தேன். கொஞ்சம் பிந்தித்தான் கைக்குக் கிடைத்தது.

அந்த முற்றத்தில் என்ன நடந்தது? ஜெனரேற்றர் சத்தம் ஒரு பக்கம். ஒரு பகிடிக்குச் சிரித்து முடிப்பதற்குள் அடுத்தது போய்விட்டது. அதற்குச் சிரித்தவர்கள் மூன்றாவதைத் தவறவிட்டார்கள். "பின்னுக்குப் போடு, பின்னுக்குப் போடு" என்று கத்துகிறார்கள். டெக் வைத்திருந்த அண்ணை, எண்ணெய் முடிந்துவிடும் என்று சொல்லி மறுத்துவிட்டார். வசனத்தில் பாதி எங்களுக்குக் கேட்கவே இல்லை. பாலக்காட்டுத் தமிழ் வேறு. ஆனாலும் கல்யாண வீட்டுச் சாம்பாருக்குள் மீன் விழுந்த இடத்தில் முற்றம் முழுக்க உருண்டது. சைவச் சமையல், ஐயர் சமையல்காரர், உள்ளே மீன். அதை யாருக்கும் தெரியாமல் எடுக்க வேண்டும். இதைச் சொல்லிப் புரியவைக்க வேண்டுமா? மீன் வாங்கினால் எந்தச் சட்டியில் சமைப்பது, வெள்ளிக்கிழமை அந்தச் சட்டி எங்கே இருக்க வேண்டும் என்று சட்டம் போட்டு வாழ்கிற ஊர் இது.

எங்கள் ஊர்ப் பகிடியையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். நாங்கள் ஒன்றும் சிரிக்கத் தெரியாத சனம் இல்லை. 1960களில் சிவஞானசுந்தரம் தொடங்கிய 'சிரித்திரன்' என்ற நகைச்சுவைப் பத்திரிகை இருந்தது. அவருடைய கார்ட்டூன் பாத்திரம் சவாரித்தம்பரை இன்றைக்கும் நினைவு வைத்திருக்கிறோம். கே.எஸ். பாலச்சந்திரன் 'அண்ணை றைற்' என்று தனி ஆளாக மேடையில் நின்று ஒரு பஸ்ஸையே ஓட்டிக் காட்டினார். கொண்டக்டர் மட்டும்தான் மேடையில், ஆனால் பஸ் நிறைய ஆட்கள் தெரிவார்கள். அதில் கதை இல்லை, தேவையும் இல்லை. பேச்சுத்தான் எல்லாம். எங்கள் பலம் அது. ஒருவன் கதைக்கிற விதத்தை அப்படியே பிடித்துவிடுவோம். பிடித்த பிறகு அவனை என்ன செய்வது என்பதில்தான் எங்களுக்குக் கொஞ்சம் சோம்பல்.

வானொலியில் 'கோமாளிகளின் கும்மாளம்' கேட்டவர்கள் இங்கே இருப்பீர்கள். எஸ். ராமதாஸ் எழுதி, 1976இல் 'கோமாளிகள்' என்று படமாகவும் வந்தது. மரிக்காராக ராமதாஸ், அப்புக்குட்டியாக ராஜகோபால், உபாலியாகச் செல்வசேகரன், ஐயராக பி.எச். அப்துல் ஹமீத். முஸ்லிம் பேச்சைப் பேசியவர் ராமதாஸ், ஐயர் பேச்சைப் பேசியவர் அப்துல் ஹமீத். 'அவ்வை சண்முகி'யின் பாஷா வருவதற்கு 20 ஆண்டுக்கு முன்பே எங்களிடம் ஒரு பாஷா இருந்தார். அவர் ஊமையாக இருக்கத் தேவைப்படவில்லை, அவ்வளவுதான் வித்தியாசம்!

அதே அப்துல் ஹமீத்தான் 'தெனாலி'க்காகக் கமல்ஹாசனுக்கு எங்கள் பேச்சைப் பழக்கிக்கொடுத்தார். படத்திலும் வருவார்.

'தெனாலி'யைப் பற்றி இந்த ஊரில் பேசாமல் போனால் விட மாட்டீர்கள். 2000ஆம் ஆண்டு தீபாவளிப் படம். கே.எஸ். ரவிக்குமார் இயக்கம், வசனம் கிரேஸி மோகன். இலங்கையிலிருந்து போன அகதி, எதைக் கண்டாலும் பயம். அந்தப் பயப் பட்டியலைச் சொல்கிற இடம் எல்லோருக்கும் பாடம். பேச்சு சரியா பிழையா என்று நாங்கள் அப்போது பட்டிமன்றம் நடத்தினோம். சில இடம் சரி, சில இடம் இழுவை கூடிவிட்டது. அது எனக்குப் பெரிதில்லை.

எனக்கு உறுத்துவது வேறு. மற்றப் படங்களில் பொய் எஞ்சினாக இருக்கும். இதில் பயம் எஞ்சின். பொய் சொன்னவன் மாட்டினால் சிரிக்கலாம், அவன் தானே தேடிக்கொண்டது. தெனாலியின் பயம் அவன் தேடிக்கொண்டதில்லை. ஏன் பயந்தான் என்று அவன் சொல்கிற ஒரு காட்சி படத்தில் இருக்கிறது. அந்த நேரம் இங்கே ஊரடங்குக்குள் இருந்து பார்த்தவர்கள், அதுவரை சிரித்துவிட்டு அந்த இடத்தில் என்ன செய்வதென்று தெரியாமல் இருந்தார்கள். எழுதியவருக்கும் அது தெரிந்திருக்கும் என்றே நினைக்கிறேன். அந்தக் காட்சியை அவர் நீட்டவில்லை. ஜெயராம் நடித்த டாக்டரின் பொறாமை பக்கம் வண்டியைத் திருப்பிவிட்டார். படம் பிழைத்தது. திருப்பாமல் இருந்திருந்தால் வேறு ஒரு படம் வந்திருக்கும், அது அவர் எழுதக்கூடிய படமா என்று எனக்குச் சந்தேகம்.

குறை சொல்லத் தொடங்கினால் இன்னும் உண்டு. 'பஞ்சதந்திர'த்தில் சொல் விளையாட்டு கதையை விழுங்கிவிட்ட இடங்கள் இருக்கின்றன. அங்கே என் நண்பர் சொன்னது சரிதான். ஜானகி என்ற பெயருக்கு அவர் கொடுத்த மரியாதையை ஜானகிகளின் வசனத்துக்கும் கொடுத்திருக்கலாம். 'மகளிர் மட்டும்' ஒன்றில்தான் பெண்களுக்கு முழுப் பங்கு கிடைத்தது.

ஆளின் இன்னொரு முகம் பலருக்குத் தெரியாது. வெண்பா எழுதுவார், படம் வரைவார். ரமண மகரிஷியிடம் பெரிய பக்தி. வெண்பாவிலேயே 'ரமணாயணம்' பாடினார். தளை தட்டாமல் வெண்பா எழுதுகிறவருக்குக் காட்சி தட்டாமல் நாடகம் எழுதுவது கஷ்டமாக இருந்திருக்காது. சினிமாவில் எவ்வளவு வேலை இருந்தாலும் மேடையை விடவில்லை. 'சாக்லேட் கிருஷ்ணா' பல நூறு தடவை மேடையேறியது. 2019 ஜூன் 10ஆம் தேதி மாரடைப்பில் காலமானார், வயது 66. அதே நாளில்தான் கன்னட நாடகாசிரியர் கிரிஷ் கர்னாட்டும் போனார்.

வரும்போது வாசலில் ஒரு தம்பி மறித்தார். பல்கலைக்கழக வளாகத்தில் படிக்கிறவர். மாது, சீனு நாடகம் ஒன்றை யாழ்ப்பாணப் பேச்சுக்கு மாற்றி மேடையேற்றலாமா என்று கேட்டார். என் கட்சிக்கு இதைவிட நல்ல பரீட்சை இல்லை. மாற்றலாம் தம்பி. மயிலாப்பூர் மாமியை நல்லூர் மாமி ஆக்குங்கள். ஃபில்டர் காப்பியைப் பிளேன்ரீ ஆக்குங்கள். சிலேடை பாதி உதிரும், உதிரட்டும், அதற்குப் பதில் வேறு போட்டு நிரப்பப் பார்க்க வேண்டாம். பொய் எந்தக் காட்சியில் பிறக்கிறது, யார் யாருக்குத் தெரியும், யார் யாருக்குத் தெரியாது என்று ஒரு கொப்பியில் எழுதிவைத்து ஒத்திகை பாருங்கள். செற்றில் கதவு இரண்டு வேண்டும், ஒன்று போதாது. அப்புறம், அவருடைய குழுவிடம் முறையாக அனுமதி கேட்டுக் கடிதம் எழுதுங்கள். கடிதத்தில் மட்டும் பொய் வேண்டாம்.

தலைவர் மணியைத் தொட்டுவிட்டார். கேள்வி இருப்பவர்கள் கேட்கலாம்.