சைபர் தசம் ஆறு மச்சான்

நடுவர் ஐயா, இரண்டு அணியினர், தேத்தண்ணி எப்போது வரும் என்று கதவையே பார்த்திருக்கும் பின்வரிசைப் பெருமக்கள், எல்லாருக்கும் வணக்கம்.

அரச ஆட்சேர்ப்பில் ஒதுக்கீட்டுச் சிக்கல் தீர்வது நீதிமன்றப் படியிலா, அதிகாரியின் மேசையிலா? இதுதான் தலைப்பு. நான் நீதிமன்றப் படியின் கட்சி.

எனக்கு முன் பேசிய எதிரணித் தங்கச்சி ஒரு போடு போட்டார். "கொழும்பு நீதிமன்றங்கள் இருக்கும் புதுக்கடையில் நட்டப்படாத வியாபாரம் இரண்டு. ஒன்று போட்டோக்கொப்பி, மற்றது தேத்தண்ணி. வழக்குப் போட்டவன் இரண்டு கடையிலும் கடன்காரன்" என்றார். மண்டபமே கைதட்டியது. நானும் தட்டினேன். நல்லதுக்குத் தட்டத்தானே வேணும்? ஆனால் தங்கச்சி, மேசைக்குப் போனவன் கதையையும் கேளுங்கள்.

என் மாமி வெள்ளவத்தையில் இடியப்பம் அவித்து அடுக்குமாடி வீடுகளுக்குக் கொடுப்பவர். அவருடைய மகன், என் மச்சான். சின்ன வயதில் போலியோ, இடது கால் சூம்பிப்போனது. கணக்கில் புலி. ஒரு அலுவலகத்தில் 20 வெற்றிடம் என்று விளம்பரம் வந்தது. பரீட்சை எழுதினார், நேர்முகத்துக்கும் போனார். பெயர் வரவில்லை. அரச வேலை வெற்றிடங்களில் 3 வீதம் வலுக்குறைந்தோருக்கு என்று 1988ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சுற்றறிக்கை சொல்கிறது. அதைக் கையில் பிடித்துக்கொண்டு, நானும் துணைக்கு, மேசைக்குப் போனோம்.

அதிகாரி நல்ல மனிசன். கல்குலேட்டரை எடுத்தார். 20 வெற்றிடம், 3 வீதம். தட்டினார். திரையை எங்கள் பக்கம் திருப்பினார். சைபர் தசம் ஆறு.

"ஒரு ஆள் வரேல்லையே, தம்பி."

கணக்குப் பிழையில்லை, ஐயா! நான் வீட்டிலும் போட்டுப் பார்த்தேன். 33 வெற்றிடம் வந்தாலும் சைபர் தசம் ஒன்பது ஒன்பதுதான். ஒரு சுண்டுவிரல் குறையும். முழு மனிசன் ஒருவன் உள்ளே போக 34 வெற்றிடம் வேணும்.

வீட்டுக்கு வந்து மாமியிடம் சொன்னோம். மாமி இடியப்ப உரலைக் கையில் வைத்தபடி கேட்டார்: "சைபர் தசம் ஆறு எண்டால், எந்தப் பக்கத்தை எடுக்கினம்? கால் இல்லாத பக்கத்தையா, மூளை இருக்கிற பக்கத்தையா?"

சிரிக்கிறீர்கள். அடுத்ததையும் கேளுங்கள். "நான் இருபது இடியப்பம் எண்ணி வைச்சால் மேல ஒண்டு போடுவன். பிச்சா போடுறன்?"

இதை நான் சந்தியில் சொன்னேன், கலியாண வீட்டில் சொன்னேன், இன்றைக்கு இங்கேயும் சொல்கிறேன். இன்னும் பத்து மேடை காணும். கல்குலேட்டர் இல்லாத மாமிக்குத் தெரிந்த முழுமையாக்கல் மேசைக்குத் தெரியவில்லை.

சரி, மேசை என்ன செய்தது? "அடுத்த கிழமை வாங்கோ" என்றது. போனோம். "பெரியவர் லீவு." போனோம். "மேலிடத்துக்கு எழுதியிருக்கு." தேத்தண்ணி மட்டும் தந்தார்கள். தங்கச்சி, மேசைப்பக்கத் தேத்தண்ணிக்குக் காசில்லை, அது உண்மை. நாங்கள் கொடுத்தது நாட்களை. அடிப்படை உரிமை மனு போட அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரை தருவது ஒரு மாதம். ஐந்தாவது கிழமை சட்டத்தரணியிடம் போனால் அவர் முதலில் நாட்காட்டியைத்தான் பார்த்தார். மேசை எங்களோடு பேசிப் பேசியே காலம் கடத்திவிட்டது.

எதிரணி கோடீஸ்வரன் வழக்கையும் இழுத்தது. கோடீஸ்வரன், கேகாலைக் கச்சேரியில், அதாவது மாவட்ட அரச அலுவலகத்தில், வேலை பார்த்த தமிழ் எழுதுவினைஞர். சிங்களப் பரீட்சைக்குத் தோற்றவில்லை என்று 1962இல் சம்பள ஏற்றத்தை நிறுத்தினார்கள். அவர் வழக்காடினார். 1964இல் மாவட்ட நீதிமன்றம் அவர் பக்கம். 1967இல் உயர் நீதிமன்றம், அரச ஊழியன் சம்பளத்துக்கு முடியின்மேல், அதாவது அரசின்மேல், வழக்குப் போட முடியாது என்றது. 1969இல் அன்றைய கடைசி மேன்முறையீட்டுப் படியான லண்டன் கோமறைக் கழகம், போடலாம் என்று சொல்லித் திருப்பி அனுப்பியது. பிறகு 1972 அரசியலமைப்பு வந்தது, சிங்களம் மட்டும் என்ற மொழிச் சட்டம் செல்லுமா என்ற கேள்வி பதில் இல்லாமலே போனது. "பார்த்தீர்களா, பத்து வருஷம்!" என்கிறார்கள். சரிதான். ஆனால் ஒரு எழுதுவினைஞரின் பெயர் இன்றைக்கும் இந்த மேடைக்கு வருகிறது. அதே ஆண்டுகளில் மேசையில் சமாளித்துக்கொண்டு போன ஒருவரின் பெயரை யாராவது சொல்லுங்கள் பார்ப்போம். நான் காத்திருக்கிறேன்.

1991 ராமுப்பிள்ளை வழக்கும் அப்படித்தான். சுங்கத்தில் பதவி உயர்வுக்கு இனவாரிப் பங்கு வைத்தார்கள். உயர் நீதிமன்றம் அது சமத்துவ உரிமைக்கு ஒவ்வாது என்றது. பங்கு என்றாலே கைதட்டுகிற நமக்கு அதில் யோசிக்க நிறைய இருக்கிறது. அதற்கு எனக்கு நேரம் இல்லை, நடுவர் ஐயா மணியில் கை வைத்துவிட்டார்.

மச்சான் அதற்குப் பிறகு வேறு வேலைக்கு எழுதவில்லை. வயது போய்விட்டது. மாமியின் இடியப்பக் கணக்கை ஒரு சீ.ஆர். கொப்பியில் அவர்தான் எழுதுகிறார். நேற்றுப் பார்த்தேன். ஒவ்வொரு வீட்டுக்கும் எத்தனை என்று எழுதி, பக்கத்தில் "கூட 1" என்று சிவப்புப் பேனையில் போட்டிருக்கிறார். எங்கேயும் தசம் இல்லை.

விடிய நாலு மணிக்கு மா அவிக்க வேணும் என்று மாமி இன்றைக்கு வரவில்லை. மச்சான் வந்திருக்கிறார். வலது பக்கம், கடைசி வரிசை, ஊன்றுகோலைச் சுவரில் சாத்திவைத்திருக்கிறார். மண்டபத்தில் எத்தனை பேர் என்று எண்ணும்போது அவரையும் ஒன்று என்று எண்ணுங்கள், ஐயா.

மணி அடித்துவிட்டது. நான் இறங்குகிறேன்.