குளத்துவெள்ளிக்கு உயிர் தருவது அறிவியலே

நடுவர் ஐயாவுக்கும், பாய் விரித்துக் குந்தியிருக்கிற அம்மாமாருக்கும், பின்னுக்கு மோட்டார் சைக்கிளில் சாய்ந்து நிற்கிற தம்பிமாருக்கும் வணக்கம்.

இன்றைய பட்டிமன்ற வழக்கு உங்களுக்குத் தெரியும். எங்கள் வாசிகசாலைக் கையெழுத்துச் சஞ்சிகைக்காகப் பிள்ளைகள் வானத்தில் இல்லாத ஒரு நட்சத்திரத்தை உண்டாக்கினார்கள். பெயர் குளத்துவெள்ளி; வெள்ளி என்றால் நட்சத்திரம்தான். அதற்கு உயிர் தருவது அறிவியலா, ஐதீகமா? நான் அறிவியல் பக்கம்.

எதிரணித் தங்கச்சி சொன்ன கதைக்கு நானும் கை தட்டினேன். மழை பொய்த்த ஒரு வருடம் குளத்தாச்சி தன் சிவப்புக்கல் மூக்குத்தியைக் கழற்றிக் குளத்துக்குள் போட்டாளாம். அது வானேறி வெள்ளியானதாம். எங்கள் பூட்டன்மார் குளக்கட்டில் நின்று அதைப் பார்த்துத்தான் காலபோக விதைப்புக்கு, அதாவது மாரிமழை நெல்லுக்கு, நாள் குறித்தார்களாம். அதைச் சுற்றி ஓர் உலகம், அங்கே ஆச்சியின் பிள்ளைகள். வருடம் முழுக்கப் பொழுதுபட்டதும் அது கிழக்கே எழுமாம். இதற்குள் கணக்கைக் கொண்டுவந்தால் கதை செத்துப்போகும் என்றும் சொன்னார்.

அந்த "வருடம் முழுக்க"வில் தங்கச்சி மாட்டுப்பட்டுவிட்டார். பரணில் இருந்து பன்றிக்குக் காவல் காத்த ஐயாமார் இங்கே எத்தனை பேர் இருக்கிறீர்கள்! உங்களுக்குத் தெரியாததா? நட்சத்திரம் நாளுக்கு நாலு நிமிடம் முந்தி எழும். மாதத்துக்கு இரண்டு மணித்தியாலம். கார்த்திகை மாத அந்தியில் கிழக்கே தெரிகிற கார்த்திகைக் கூட்டம் வைகாசியில் சூரியனோடு போய் மறைந்துவிடும். அப்படி நகர்வதால்தான் அதை வைத்து மாதம் சொல்லலாம். எப்போதும் ஒரே நேரத்தில் எழுகிற வெள்ளியை நம்பியிருந்தால் தங்கச்சியின் பூட்டன் ஆடியிலும் விதைத்திருப்பார்.

அடுத்தது நிறம். வெறுங்கண்ணுக்குச் சிவப்பாகத் தெரிகிற நட்சத்திரங்கள் பூதங்கள், ஊதிப் பெருத்தவை. திருவாதிரையைப் பாருங்கள். ஏறக்குறைய 500 ஒளியாண்டுத் தொலைவில் இருந்தும் எங்கள் முற்றத்தில் நின்று பார்க்கலாம். 2019 கடைசியில் அது மங்கியபோது, இதோ வெடிக்கப்போகிறது என்று முகநூலில் கூத்தாடினார்கள். அது கக்கிய தூசுதான் மறைத்தது. அவ்வளவு பெரியதற்கு வயது ஒரு கோடி ஆண்டளவுதான், அதற்குள்ளேயே கிழடு. எங்கள் பூமிக்கு 450 கோடி. அங்கே ஆச்சிக்குப் பிள்ளை பிறந்து தவழக்கூட நேரம் கிடையாது.

சரி, சின்னச் சிவப்பு நட்சத்திரம் என்று வைப்போம். ஆயுள் லட்சம் கோடி ஆண்டுக் கணக்கு. ஆனால் கண்ணுக்குத் தெரியாது. சூரியனை விட்டால் எங்களுக்கு ஆகக் கிட்ட இருக்கிற பிராக்சிமா சென்டாரி வெறும் 4.24 ஒளியாண்டுத் தொலைவில். அதையே 1915இல் தொலைநோக்கி வைத்துத்தான் கண்டுபிடித்தார்கள். ஆக, பூட்டன் பார்த்திருந்தால் பிள்ளைகள் இல்லை. பிள்ளைகள் இருந்தால் பூட்டன் பார்க்கவில்லை.

நான் பூட்டனை விடுகிறேன். பிள்ளைகளை வைத்துக்கொள்வோம்.

இந்தச் சின்ன நட்சத்திரம் சூடு குறைந்தது. தண்ணீர் உறையாமல் இருக்க வேண்டுமானால் அந்த உலகம் அடுப்படிப் பூனையாக அதை ஒட்டிக் கிடக்க வேண்டும். அவ்வளவு கிட்டப் போனால், நிலா எங்களுக்குக் காட்டுவதுபோல அதுவும் ஒரே முகத்தையே காட்டத் தொடங்கிவிடும். ஒரு பாதி என்றும் பகல், மறுபாதி என்றும் இரவு. இடையில் ஓர் அந்திக்கரை. சனம் அங்கேதான் குடியிருக்கும். குளத்துவெள்ளி எழாது, விழாது. அந்தக் குளக்கட்டில் நிற்கிற பிள்ளையின் நிழல் பிறந்த நாளிலிருந்து ஒரே பக்கம்தான் கிடக்கும். புளியடியில் ஒருக்கால் கட்டிலைப் போட்டால் பேரன் காலத்திலும் வெயிலுக்கு இழுத்துப் போடத் தேவையில்லை!

அவர்கள் பொங்கலுக்கு எப்படி நாள் வைப்பார்கள்? வட்டாப்பளைக் கண்ணகி அம்மன் கோயில் பொங்கலுக்கு நாங்கள் வைகாசிப் பூரணையை அண்டிய திங்கட்கிழமையைப் பார்க்கிறோம். அங்கே பூரணையும் இல்லை, திங்களும் இல்லை. ஆனால் இந்தச் சாதி நட்சத்திரம் சீறும். சில நிமிடத்துக்குள் வெளிச்சம் பொங்கி அடங்கும். எப்போது என்று எவருக்கும் தெரியாது. ஆச்சி மூக்குத்தியைத் திருகுகிறாள் என்று சனம் கூவும். கூடவே கதிர்வீச்சும் வருவதால் பானையைத் தூக்கிக்கொண்டு குகைக்குள் ஓடி, அங்கேதான் பொங்கும். முற்றத்தில் பொங்குவது தெய்வக்குற்றம்.

யாத்திரையும் உண்டு. எங்கள் சனம் கதிர்காமத்துக்கு நடக்கிறது. அந்தச் சனம் இருட்டுப் பாதிக்கு நடக்கும், மற்ற வெள்ளிகளைப் பார்க்க. போய்வந்தவர் வானம் நிறையக் கிடக்கிறது என்று சொன்னால் ஊரில் அரைவாசிப் பேர் நம்பமாட்டார்கள். மீதிப்பேர் காலில் விழுவார்கள்.

இந்தப் பொங்கலையும் யாத்திரையையும் நான் மூளையைக் கசக்கிக் கட்டவில்லை, நடுவர் ஐயா. நிறத்தையும் தூரத்தையும் ஒழுங்காக எழுதினேன், மற்றதெல்லாம் தானாக வந்தது. மூக்குத்தி தங்கச்சியுடையதுதான், அதை மறுக்கவில்லை. ஆனால் அவர் அதைக் குளத்துக்குள் போட்டதோடு சரி; அதை ஆச்சி திருகுவதற்கு என் கணக்கு வேண்டியிருந்தது.

மணி அடித்துவிட்டீர்கள். எதிரணியில் அடுத்து வருகிற தம்பி, குளத்துவெள்ளி ஆவணியில் எத்தனை மணிக்கு எழும் என்பதைச் சொல்லிவிட்டுத் தன் பேச்சைத் தொடங்கட்டும். வணக்கம்.