தொரப்பள்ளியிலிருந்து சட்டமன்றத்துக்கு, நகராட்சி வழியாக

தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்ட நேயர்கள் அனைவருக்கும் வணக்கம்.

ஓசூருக்குப் பக்கத்தில் உள்ள தொரப்பள்ளியில், ஊர் முன்சீப்பின் வீட்டில், 1878 டிசம்பர் 10 அன்று பிறந்தவர் ராஜாஜி. காந்தியின் சம்பந்தி, இந்தியாவின் கடைசி கவர்னர் ஜெனரல் என்ற பெருமைகள் எல்லோருக்கும் தெரிந்தவை. நான் இன்று எடுத்துக்கொண்டது அவருடைய வாழ்க்கையில் அதிகம் பேசப்படாத ஒரு பகுதியை. அவர் ஒரு நகராட்சித் தலைவர். அந்த நாற்காலியிலிருந்து எழுந்துபோய்ச் சட்டமன்றத்தில் அமர்ந்து மாகாணத்தை ஆண்டவர். நகராட்சியில் கற்றதில் எதைக் கைவிடாமல் வைத்திருந்தார், எதைக் கைவிட்டார் என்பதே என் பேச்சு.

சேலத்தில் வக்கீல் தொழில் செய்துவந்த அவர் 1911-இல் நகராட்சி உறுப்பினரானார். 1917 முதல் 1919 வரை தலைவர். பேரும் வருமானமும் உள்ள வக்கீலுக்கு அந்தப் பதவியால் ஆகவேண்டியது எதுவும் இல்லை. குடிநீர், சாக்கடை, தெருவிளக்கு, வீட்டுவரி என்று காலையில் கண் விழித்ததும் வாசலில் வந்து நிற்கிற வேலை அது. சட்டமன்ற உறுப்பினரைப் பார்க்க நேரம் கேட்டுக் காத்திருக்கிற நாம், சேர்மனைக் கடைத்தெருவிலேயே நிறுத்திக் கேள்வி கேட்டுவிடுகிறோம். குழாயில் தண்ணீர் வரவில்லை என்றால் வரவில்லைதான். எந்தப் பேச்சுத்திறமையும் அங்கே உதவாது. அவர் தலைவராக இருந்தபோது, அவருடைய முயற்சியால், ஒடுக்கப்பட்ட சமூகத்தைச் சேர்ந்த ஒருவர் முதன்முறையாகச் சேலம் நகராட்சி உறுப்பினராகத் தேர்வானார். காங்கிரஸ் இயக்கம் தீண்டாமை ஒழிப்பை ஒரு திட்டமாகவே கையில் எடுப்பதற்கு முந்தைய காலம் அது. ஊர்ப் பெரிய மனிதர்களின் முகச்சுளிப்பைத் தினமும் நேரில் பார்த்துக்கொண்டே அதைச் செய்வதற்குத் துணிவு வேண்டும்.

அதே காலத்தில் ஈரோட்டில் நகராட்சித் தலைவராக இருந்தவர் ஈ.வெ.ரா. பெரியார். இருவரும் நண்பர்கள். இரண்டு பக்கத்து ஊர்களின் சேர்மன்கள், இருவருமே பதவியை விட்டுவிட்டுத் தேச விடுதலைப் போராட்டத்துக்குப் போனார்கள். பிற்காலத்தில் தமிழ்நாட்டு அரசியலின் எதிரெதிர்க் கரைகளில் நின்ற இந்த இருவரும் சாக்கடைக்கும் தெருவிளக்குக்கும் பொறுப்பேற்ற வேலையிலிருந்து வந்தவர்கள் என்பது எனக்கு என்றுமே வியப்பு.

1937-இல் ராஜாஜி சென்னை மாகாணப் பிரதமரானார். முதலமைச்சர் பதவிக்கு அன்று அதுதான் பெயர். மதுவிலக்கு அவர் நெஞ்சில் நெடுநாளாக இருந்த இலட்சியம். சட்டமன்றத்தில் பெரும்பான்மை இருந்தது. மாகாணம் முழுவதும் ஒரே உத்தரவில் கடைகளை மூடியிருக்கலாம். அவர் அப்படிச் செய்யவில்லை. 1937 அக்டோபர் 1 அன்று ஒரே ஒரு மாவட்டத்தில் தொடங்கினார். அது சேலம் மாவட்டம். நேயர்களே, தருமபுரி, கிருஷ்ணகிரி, ஓசூர் எல்லாம் அன்று சேலம் மாவட்டத்தின் தாலுகாக்கள். ஆக, மாகாணத்திலேயே முதன்முதலில் கள்ளுக்கடையும் சாராயக்கடையும் மூடப்பட்டது நம் பாட்டன் பாட்டிகள் வாழ்ந்த இந்த ஊர்களில்தான். அங்கே நடத்திப் பார்த்த பிறகே சித்தூருக்கும் கடப்பைக்கும், அடுத்து வட ஆற்காட்டுக்கும் கொண்டுபோனார். கலால் வருமானம் குறைந்தால் பள்ளிக்கும் சாலைக்கும் பணம் எங்கிருந்து வரும் என்ற கேள்விக்கும் அவரிடம் பதில் இருந்தது. 1939-இல் விற்பனை வரிச் சட்டம் வந்தது. வணிகர்கள் கடுமையாக எதிர்த்தார்கள். ஆனாலும், ஒரு வருமானத்தை நிறுத்துகிறவன் இன்னொரு வருமானத்துக்கு வழி காட்டவேண்டும் என்பது வரவு செலவைத் தன் கையால் எழுதிப் பார்த்தவனுக்குத்தான் தோன்றும். ஓரிடத்தில் செய்து பார், பிறகு விரிவாக்கு. செலவுக்கு வழி சொல்லிவிட்டுச் செய். இதில் நான் பழைய சேலம் சேர்மனைத்தான் பார்க்கிறேன்.

அதே ஆட்சிதான் 1938-இல் 125 பள்ளிகளில் இந்தியைக் கட்டாயமாக்கியது. எதிர்த்தவர்களைச் சிறையில் அடைத்தது. சிறைக்குப் போனவர்களில் பழைய ஈரோடு சேர்மனும் ஒருவர். அங்கேயும் சில பள்ளிகளில்தான் தொடங்கினார் என்று யாராவது வாதாடலாம். வேண்டாம் என்று தெருவில் நின்று சொல்கிறவர்களின் குரலைக் கேட்க மறுத்துவிட்டுச் செய்யும் சோதனையை நான் சோதனை என்று ஏற்கமாட்டேன்.

1952-இல் மீண்டும் முதலமைச்சர். இந்த முறை தேர்தலில் நிற்கவில்லை. மேலவைக்கு நியமிக்கப்பட்டு வந்தார். ஓட்டுக் கேட்டு ஒரு தெருவிலும் நடக்காமல் வந்தார் என்பதை நான் சாதாரணமாக எடுத்துக்கொள்ளவில்லை. அடுத்த ஆண்டே அந்தக் கல்வித் திட்டம் வந்தது. கிராமத்துத் தொடக்கப்பள்ளிப் பிள்ளைகளுக்குப் பாதி நாள் பள்ளி, மீதி நேரம் பெற்றோரின் தொழில். எதிர்த்தவர்கள் குலக்கல்வித் திட்டம் என்றார்கள். அந்தப் பெயரே நிலைத்தது. ஒரு மாவட்டத்தில் செய்து பார்க்கவில்லை. பள்ளிக்குப் பிள்ளைகளை அனுப்புகிற குடும்பங்களைக் கேட்கவில்லை. கிராமப்புறம் முழுவதற்கும் ஒரே அடியாக வந்தது. சட்டமன்றத்தில் அதைக் கைவிடக் கோரிய தீர்மானத்துக்கு ஆதரவாக 138, எதிராக 138 என்று அவை சரிபாதியாகப் பிளந்தது. 1954-இல் அவர் பதவி விலகினார், காமராசர் முதலமைச்சரானார், திட்டம் கைவிடப்பட்டது.

இதைச் சொல்லும்போது எனக்கு மனம் வலிக்கிறது. தொரப்பள்ளியில் பிறந்த அந்தப் பிள்ளை ஐந்து வயதில் ஓசூருக்கு வந்து பள்ளியில் சேர்ந்தவர். முழு நாள் படித்து, பெங்களூருக்கும் சென்னைக்கும் போய்ப் பட்டம் பெற்றவர். கிராமத்துப் பிள்ளைக்குப் பள்ளி என்ன செய்யும் என்பதற்கு அவரே சாட்சி. 1917-இல் சேர்மனாக இருந்தவர் 1953-லும் வாசலில் நிற்கிற தாய்மாரைச் சந்தித்துக்கொண்டிருந்தால், அந்த உத்தரவில் கையெழுத்திட்டிருக்க மாட்டார் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

இந்தப் பழைய கதை இன்று எதற்கு என்று கேட்பீர்கள். சட்டம் செய்யப் போகிறவர்களுக்குப் பள்ளிக்கூடம் உள்ளாட்சி மன்றம். அந்தப் பள்ளிக்கூடத்தை நாம் பூட்டியே வைத்திருந்தோம். 2016 அக்டோபரில் பதவிக்காலம் முடிந்த நகர்மன்றங்களுக்கு 2022 பிப்ரவரி 19 வரை தேர்தல் நடக்கவில்லை. ஐந்து ஆண்டுகளுக்கு மேல் தருமபுரியிலும் கிருஷ்ணகிரியிலும் தனி அலுவலர்களே நிர்வாகம் செய்தார்கள். ஓசூர் 2019-இல் மாநகராட்சியானது. ஆனால் அதன் முதல் மேயர் பதவியேற்றது 2022 மார்ச்சில். அவர் எஸ்.ஏ. சத்யா, 2019 இடைத்தேர்தலில் வென்று ஓசூர் சட்டமன்ற உறுப்பினராக இருந்துவிட்டு மேயரானவர். சட்டமன்றத்துக்குப் போனவர் நகருக்குத் திரும்பி வருவதும் நல்லதே. அந்தப் பாதை இரண்டு பக்கமும் திறந்திருக்கவேண்டும்.

அந்தப் பாதையில் இன்று யார் நிற்கிறார்கள்? 2016-இல் உள்ளாட்சிகளில் பெண்களுக்கு 50 சதவீத இடஒதுக்கீடு சட்டமானது. 2022-இல் தேர்வான நம் நகர்மன்றங்களில் பாதிக்குப் பாதி பெண்கள். 2021 சட்டமன்றத் தேர்தலில் தமிழகத்தின் 234 இடங்களில் வென்ற பெண்கள் 12 பேர். நம் இரண்டு மாவட்டங்களின் 11 தொகுதிகளில் அப்போது ஒருவர்கூட வெல்லவில்லை. 1991-இல் பர்கூர் தொகுதி ஒரு பெண்ணை வெற்றிபெற வைத்து, அவர் முதலமைச்சரே ஆனார். அந்த மண்ணில் இந்த நிலை எனக்குப் பொறுக்கவில்லை.

எனவே எல்லாக் கட்சியின் மாவட்டப் பொறுப்பாளர்களிடமும் ஒரு வேண்டுகோள். வேட்பாளர் நேர்காணலில் எவ்வளவு செலவு செய்வீர்கள் என்று கேட்பதற்கு முன்னால், எந்த வார்டில் என்ன செய்தீர்கள் என்று கேளுங்கள். மன்றக் கூட்டத் தீர்மானப் பதிவேட்டின் நகலைக் கொண்டுவரச் சொல்லுங்கள். எந்தத் தெருவுக்குக் குழாய் கேட்டார், எந்தத் தீர்மானத்தை எதிர்த்து எழுந்து நின்றார் என்பதெல்லாம் அதில் இருக்கும். கணவரின் பெயரைச் சொல்லி அறிமுகப்படுத்தாமல், அந்தப் பதிவேட்டை வைத்து ஒரு பெண் உறுப்பினருக்குச் சீட்டுக் கொடுங்கள்.

கேட்ட நேயர்களுக்கும், வாய்ப்பளித்த வானொலி நிலையத்துக்கும் நன்றி. வணக்கம்.