கோடு யாருடையது?

அவையோருக்கு வணக்கம். அமெரிக்கக் கார்ட்டூன் படங்களின் தொடக்ககாலக் கலைஞர்களைக் கூட்டமாகக் காட்டும் பழைய சித்திரம் ஒன்றில், ஆண்களுக்கு நடுவே ஒரு பெண்ணும் இருக்கிறார். அவர் யார் என்று மிண்டி ஜான்சன் என்ற வரலாற்றாய்வாளர் விசாரித்தபோது, துப்புரவுப் பணியாளராகவோ செயலாளராகவோ இருக்கலாம் என்றே பதில் வந்தது. அந்தப் பதிலை ஏற்காமல் அவர் தேடிக் கண்டடைந்த பெயர் பெஸ்ஸி மே கெல்லி. 1917 முதலே இத்துறையில் உழைத்து, 1921-இல் மலர்த் தேவதைகளைப் பற்றிய ஒரு குறும்படத்தைத் தாமே உருவாக்கியவர் அவர். அவருடைய படங்கள் நூறாண்டு கழித்து, 2022 டிசம்பரில்தான் மீண்டும் திரையைக் கண்டன.

துப்புரவுப் பணியாளர் என்ற எண்ணம் ஏன் முதலில் எழுந்தது? 1938 ஜூனில், வேலை கேட்டு எழுதிய ஓர் இளம்பெண்ணுக்கு டிஸ்னி நிறுவனம் அனுப்பிய கடிதத்தில் விடை இருக்கிறது. படைப்பு சார்ந்த பணி எதையும் பெண்கள் செய்வதில்லை, அது முழுவதும் இளைஞர்களுக்கே உரியது, பெண்களுக்கு உள்ளது, வரையப்பட்ட உருவங்களைச் செல்லுலாய்டு என்ற ஒளி ஊடுருவும் தாளில் மையால் படியெடுத்து, பின்புறம் வண்ணம் நிரப்பும் வேலை மட்டுமே என்று அது சொன்னது.

அந்த 'மட்டுமே' என்ற சொல்லை நான் ஏற்பதில்லை. பென்சில் ஓவியத்தின் மேல் செல்லுலாய்டு தாளை வைத்து, விரலின் எண்ணெய்ப் பசை படாதபடி பருத்திக் கையுறை அணிந்து, தடித்துத் தொடங்கி மயிரிழையாய் மெலியும் கோட்டை நடுக்கமின்றி ஒரே வீச்சில் இழுக்க வேண்டும். மை காய்ந்தபின் தாளைத் திருப்பி, கோட்டைத் தாண்டாமல் வண்ணம் இட வேண்டும். வினாடிக்கு 24 சட்டங்கள், அதாவது 24 தனித்தனி நிலைப்படங்கள், ஓடும் படத்தில் ஒரு கோடு பிசகினாலும் உருவம் திரையில் துடிக்கும். 1937-இல் வெளிவந்த 'ஸ்னோ ஒயிட்' 83 நிமிடப் படம், அதாவது ஏறத்தாழ 1,20,000 சட்டங்கள்; ஒரே ஓவியம் இரண்டு சட்டங்களுக்கு நின்றாலும்கூட, அந்த உழைப்பை எண்ணிப் பாருங்கள். இளவரசியின் கன்னச் சிவப்பும் இப்பெண்கள் கையால் ஏற்றியதே. ஆண்கள் வரைந்த பென்சில் ஓவியம் திரைக்கு வரவேயில்லை. உலகம் பார்த்தது இப்பெண்களின் கோட்டைத்தான்.

படியெடுப்போடு நின்றுவிடாதவர்களும் இருந்தார்கள். ஃபிளைஷர் ஸ்டுடியோவில் மை தீட்டும் பிரிவிலிருந்து வந்த லில்லியன் ஃபிரீட்மன், 1933-இல் அனிமேட்டராக, அதாவது உருவங்களின் அசைவை வரைபவராக, ஒப்பந்தமானார். பெட்டி பூப், பாப்பாய் என்ற கார்ட்டூன் பாத்திரங்களை அசையவைத்த அவருக்கு, அதே பணி செய்த ஆண்களின் ஊதியத்தில் பாதிகூடக் கிடைக்கவில்லை. அவர் பணியாற்றிய படங்களில் பெரும்பாலானவற்றில் பெயரும் இல்லை. ஊதியத்தைவிட இந்த விடுபடல்தான் என்னை வருத்துகிறது. பெயர் இல்லாத இடத்தில் பிற்கால ஆய்வாளர் எதைப் பற்றிக்கொண்டு தேடுவார்?

அந்தக் கடிதம் எழுதப்பட்ட அதே 1938-இல் டிஸ்னியில் சேர்ந்தவர் ரெட்டா ஸ்காட். 1942-இல் வந்த 'பேம்பி' படத்தில், பெண்மானைப் பாறை உச்சிவரை துரத்தும் வேட்டைநாய்களின் மூர்க்கம் அவர் கை வண்ணம். டிஸ்னி படமொன்றில் அனிமேட்டராகப் பெயர் பெற்ற முதல் பெண் அவரே.