மாசி வீதியில் நடக்க இடம் வேண்டும்

(உலக மரபு நாளையொட்டி மதுரையில் நடந்த கூட்டத்தில் ஆற்றிய உரை)

அவைத் தலைவர் அவர்களே, முன்னிலை வகிக்கும் வணிகர் சங்கத் தலைவர் அவர்களே, வீட்டில் மகளின் திருமணத்தை நாளை மறுநாள் வைத்துக்கொண்டும் இந்த மாலைப் பொழுதை நமக்காக ஒதுக்கியிருக்கும் மாமன்ற உறுப்பினர் அம்மையார் அவர்களே, மண்டபத்தைக் கட்டணம் இல்லாமல் தந்த அறக்கட்டளைப் பெரியவர்களே, என் ஞாயிற்றுக்கிழமை நடைத் தோழர்களே, தாய்மார்களே, அனைவருக்கும் வணக்கம்.

முன்வரிசையில் வலது ஓரமாக அமர்ந்திருக்கிறார்களே, அவர்கள் என் ஒன்பதாம் வகுப்பு வரலாற்று ஆசிரியர். வயது தொண்ணூறை நெருங்குகிறது. மாடிப்படி ஏறி வந்திருக்கிறார்கள். ஐயா, வகுப்பில் நீங்கள் ஒருநாள் எங்களை வெளியே அழைத்துக்கொண்டு போய் விட்டவாசலுக்குக் கீழே நிறுத்தி, "இதுதான் பாண்டியர் கோட்டையின் வாசல், தொட்டுப் பாருங்கள்" என்று சொன்னீர்கள். அன்று அந்தக் கல்லைத் தொட்ட கை இது. அந்தக் கையைக் கூப்பி உங்களை வணங்கிவிட்டுத்தான் பேச்சைத் தொடங்க வேண்டும்.

என்னைப் பற்றி இரண்டு வரி. முப்பத்திரண்டு ஆண்டுகள் இந்த நகரத்தில் அஞ்சல்காரனாக இருந்தேன். மாசி வீதிகள் நான்கும் அவற்றின் சந்துகளும் என் காலுக்குத் தெரியும். ஓய்வு பெற்ற பிறகு ஞாயிறுதோறும் விருப்பப்படுகிறவர்களை அழைத்துக்கொண்டு நடக்கிறேன். கட்டணம் கிடையாது. குடிப்பதற்கும் தின்பதற்கும் அவரவர் காசு.

இன்று மூன்று செய்திகளைச் சொல்ல எண்ணி வந்தேன். ஒன்று, நம் தெருக்கள். இரண்டு, அந்தத் தெருக்களின் உணவு. மூன்று, நகருக்குள் இருந்த தெப்பங்களும் கிணறுகளும். இம்மூன்றையும் கட்டும் கயிறாக நம் ஊர்ப் பழமொழி ஒன்று இருக்கிறது. மதுரையைச் சுற்றிய கழுதையும் மதுரையை விட்டுப் போகாது. இதை யாரோ கேலிக்குச் சொன்னது என்று நினைக்காதீர்கள். சுற்றியதால்தான் அது போகவில்லை. சுற்றாதவனுக்கு எந்த ஊராக இருந்தால் என்ன?

வெளியூரிலிருந்து வருகிறவர்கள் என்னிடம் முதலில் கேட்பது ஒரே கேள்விதான். தேர் ஓடுவது சித்திரைத் திருவிழாவில், ஆனால் அது சுற்றி வருவது மாசி வீதிகளை. ஏன்? மாசியில் நடந்த விழாவைத் திருமலை நாயக்கர் சித்திரைக்கு மாற்றி அழகர் விழாவோடு சேர்த்தார் என்பது இங்கே வழிவழியாகச் சொல்லப்படுவது. மாதம் மாறிவிட்டது, தெருவின் பெயர் மாறவில்லை. ஆடி வீதி மீனாட்சியம்மன் கோயில் மதிலுக்கு உள்ளேயே இருக்கிறது. வெளியே சித்திரை, அதைச் சுற்றி ஆவணி மூலம், அதையும் சுற்றி மாசி. ஓர் ஊரின் தெருவே பஞ்சாங்கமாக இருக்கிறது என்றால் அது நம் ஊர்தான்.

மாசிக்கு அப்பால் நடந்தால் மாதப் பெயர்கள் நின்றுவிடுகின்றன. மாரட் வீதி, பெருமாள் மேஸ்திரி வீதி, பிறகு வெளி வீதி. அங்கேதான் நாயக்கர் கோட்டையின் மதிலும் அகழியும் இருந்தன. பத்தொன்பதாம் நூற்றாண்டின் முதற்பாதியில் கலெக்டர் பிளாக்பர்ன் மதிலை இடிக்க முடிவு செய்தார். இடித்து அகழியைத் தூர்ப்பவர்களுக்கு அந்த நிலம் என்று அறிவித்தார். அளவெடுத்த மாரட்டின் பெயரும் வேலையை மேற்பார்த்த பெருமாள் மேஸ்திரியின் பெயரும் தெருக்களில் நிலைத்தன. பிளாக்பர்னுக்கு ஒரு விளக்குத்தூண். எத்தனை ஆயிரம் முறை "விளக்குத்தூண் இறங்குங்க" என்ற நடத்துநரின் குரலைக் கேட்டிருப்போம்! அது ஒரு மனிதரின் நினைவுச் சின்னம் என்று இந்த மண்டபத்தில் எத்தனை பேருக்குத் தெரியும்? கோட்டையில் மிச்சம் எது என்று கேட்டால் பெரியார் பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் மேலவாசலில் ஒரு துண்டு நிற்கிறது.

உணவுக்கு வருகிறேன். காலை நடையில் பருத்திப்பால், மாலை நடையில் ஜிகர்தண்டா. இது எங்கள் சட்டம். பருத்திக் கொட்டையை ஊறவைத்து, ஆட்டி, பிழிந்து எடுத்த பாலில் அரிசி மாவு கரைத்துக் காய்ச்சி, வெல்லமோ கருப்பட்டியோ சேர்த்து, சுக்கும் ஏலமும் தட்டிப் போட்டு, மேலே தேங்காய்த் துருவல். சுற்றிலும் கரிசல் காடு, பருத்தி விளையும் பூமி. நூல் மில்லுக்குப் போனது, கொட்டை மாட்டுக்கும் நமக்கும் வந்தது. ஒரு தம்ளர் பருத்திப்பாலைக் கையில் வாங்கினால் இந்த வட்டாரத்தின் விவசாயமும் தொழிலும் அதில் இருக்கின்றன. ஜிகர்தண்டாவோ பெயரிலேயே வடக்கிலிருந்து நடந்து வந்தது. ஈரலைக் குளிர வைப்பது என்று பொருள். சுண்டக் காய்ச்சிய பால், கடற்பாசி அல்லது பாதாம் பிசின், நன்னாரி சர்பத், மேலே ஐஸ்கிரீம். நன்னாரி நம்முடையது, பெயர் அவர்களுடையது, தாகம் எல்லோருக்கும் பொது. திருமலை நாயக்கர் மகாலைச் சுற்றியுள்ள சௌராஷ்டிர நெசவாளர் தெருக்களுக்குப் போனால் சுங்குடிச் சேலைக்கு முடிச்சுப் போட்ட விரல்களின் கதை. மாலையில் முள்ளுமுருங்கை இலையை அரிசியோடு அரைத்துத் தட்டிப் பொரித்த வடை. சளிக்கு நல்லது என்று பாட்டிமார் சொல்வார்கள். இரவில் கறிதோசை. தோசை, அதன்மேல் முட்டை, அதன்மேல் கொத்துக்கறி, மூன்று அடுக்கு.

இது இன்று தொடங்கிய பழக்கமா? மதுரைக்காஞ்சியைத் திறந்து பாருங்கள். மாங்குடி மருதனார் நாளங்காடி என்ற பகல் சந்தையிலிருந்து அல்லங்காடி என்ற இரவுச் சந்தை வரை பொழுதுக்குப் பொழுது நம்மை நடத்திக் கூட்டிக்கொண்டு போகிறார். தேனடை போன்ற மெல்லிய அடையும், பூரணம் வைத்துப் பிடித்த மோதகமும் விற்ற கூவியர்கள் நள்ளிரவில் உட்கார்ந்தபடியே தூங்கி விழுகிறார்கள். சிலப்பதிகாரத்தில் கோவலன் நகரைச் சுற்றிப் பார்ப்பதற்கென்றே ஊர்காண் காதை என்று ஒரு காதை. அந்தக் கூவியர்களின் பேரன் பேத்திகள்தான் இன்று மாசி வீதி ஓரத்தில் அடுப்பு வைத்திருக்கிறார்கள். நான் அப்படித்தான் பார்க்கிறேன்.

இப்போது ஒரு நிகழ்ச்சியைச் சொல்ல வேண்டும். நேரம் ஆகிறது என்று தலைவர் பார்க்கிறார்கள். ஐந்து நிமிடம் பொறுத்தருள வேண்டும்.

போன மார்கழியில் ஒரு ஞாயிறு. நடைக்குப் பதினான்கு பேர் வந்திருந்தார்கள். அவர்களில் ஒரு பெரியவர் கைத்தடியோடு வந்தார். வேட்டியை மடித்துக் கட்டாமல் கணுக்கால் வரை இறக்கி உடுத்தியிருந்தார். கூடவே பேத்தி. பம்பாயில் நாற்பத்தாறு ஆண்டுகள் இருந்துவிட்டு வந்திருக்கிறார். அவரைப் பொறுத்தவரை அது பம்பாய்தான். அவருடைய அப்பா மில் தொழிலாளி. காலைச் சங்கு ஊதுவதற்கு முன்னால் அப்பா அவரைத் தோளில் உட்கார வைத்துக்கொண்டு தெற்கு மாசி வீதியில் ஒரு முனைக்கு வருவாராம். அங்கே ஓர் அம்மா பித்தளை அண்டாவில் பருத்திப்பால் விற்பாராம். அப்பா தம்ளரில் பாதியைக் குடித்துவிட்டு மீதியை மேலே நீட்டுவாராம். "எனக்கு அந்த முனையைக் காட்டுங்கள், வேறு எதையும் காட்ட வேண்டாம்" என்றார்.

அடையாளம் கேட்டேன். பல குடும்பங்கள் ஒரே வாசலுக்குள் குடியிருக்கும் ஒரு வளவு வீடு, வாசலில் வேப்பமரம், எதிரே ஒரு சைக்கிள் கடை என்றார். வளவு இல்லை, மரம் இல்லை, சைக்கிள் கடையும் இல்லை. ஆனால் நான் அந்த வளவுக்குக் கடிதம் கொடுத்தவன் அல்லவா! இடம் எனக்குத் தெரியும். "வாருங்கள்" என்று அழைத்தேன். முந்நூறு அடி தூரம்கூட இருக்காது. அந்த முந்நூறு அடியை அவரால் நடக்க முடியவில்லை. நடைமேடை இருந்த இடத்தில் இருசக்கர வண்டிகள் வரிசையாக நின்றன. வண்டிக்கும் சாக்கடை மூடிக்கும் நடுவில் தடியை ஊன்ற இடம் இல்லை. தெருவில் இறங்கினால் பால் வண்டியும் சரக்கு ஆட்டோவும் உரசிக்கொண்டு போகின்றன. இரண்டு முறை இறங்கினார், இரண்டு முறை பேத்தி இழுத்துப் பிடித்தாள். மூன்றாவது முறை ஒரு கடையின் படியில் உட்கார்ந்துவிட்டார். "விடு, இத்தனை தூரம் வந்தேனே, போதும்" என்றார்.

அந்த முனையில் இன்றும் ஓர் அம்மா பருத்திப்பால் விற்கிறார். பித்தளை அண்டா இல்லை, எவர்சில்வர். எங்களைத் தூரத்திலிருந்தே பார்த்துக்கொண்டிருந்தார். அடுப்பை அணைத்தார். ஒரு தூக்குவாளியில் ஊற்றினார். வண்டிகளுக்கு நடுவே உடம்பைக் குறுக்கிக்கொண்டு வந்தார். "ஐயா, நீங்க வர வேணாம், நான் வர்றேன்" என்று சொல்லி அவர் முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்து தம்ளரில் ஊற்றிக் கொடுத்தார். பெரியவர் என்ன செய்தார் தெரியுமா? பாதியைக் குடித்தார். மீதியைப் பேத்தியிடம் நீட்டினார். பதினான்கு பேரும் அப்படியே நின்றோம். அந்த அம்மாவிடம், "உங்கள் தாயார் இங்கே விற்றார்களா?" என்று கேட்டார். "இல்லைங்கய்யா, என் மாமியார்" என்று பதில் வந்தது. நாற்பத்தாறு ஆண்டுகள் இடையில் இருந்தும் அண்டா அதே முனையில்தான் இருந்திருக்கிறது. ஊரை விட்டுப் போனவர் திரும்பி வந்தார். மதுரையைச் சுற்றிய கழுதையும் மதுரையை விட்டுப் போகாது என்று அவரே சொல்லிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

ஆகவேதான் நான் மேடை தவறாமல் ஒரே கோரிக்கையைச் சொல்லி வருகிறேன். நான்கு மாசி வீதிகளிலும் நடக்க இடம் கொடுங்கள். நடைபாதையில் தடையில்லாத அகலம் குறைந்தது 1.8 மீட்டர் இருக்க வேண்டும் என்பது சாலைப் பொறியாளர்களின் அமைப்பான இந்தியச் சாலைகள் காங்கிரசின் நெறிமுறை. இரண்டு சக்கர நாற்காலிகள் எதிரெதிரே கடக்கும் அகலம் அது. சித்திரை வீதிகளில் வண்டிகள் வருவதைத் தடுத்துவிட்டுக் கல் பாவினோமே, இன்று பாட்டிகளும் குழந்தைகளும் அங்கே மாலையில் காற்று வாங்குகிறார்களே! அங்கே முடிந்தது மாசியில் ஏன் முடியாது?

உடனே சிலர், "நடைபாதை வேண்டுமென்றால் தெருவோரக் கடைகளை அகற்ற வேண்டும்" என்கிறார்கள். அதை நான் ஒருபோதும் ஏற்க மாட்டேன். பெரியவரைத் தடுத்தது அண்டாவா, வண்டிகளா? 2014ஆம் ஆண்டு தெரு வியாபாரிகளுக்கென்று நாடாளுமன்றம் ஒரு சட்டம் இயற்றியது. கணக்கெடுத்துச் சான்றிதழ் கொடுக்க வேண்டும், நகர வியாபாரக் குழு அமைக்க வேண்டும், அந்தக் குழுவில் 40 விழுக்காட்டுக்குக் குறையாமல் வியாபாரிகளே இருக்க வேண்டும், அவர்களில் மூன்றில் ஒரு பங்கு பெண்கள் என்று அது சொல்கிறது. பருத்திப்பால் அம்மாவுக்கு அந்த முனையிலேயே நான்கு கோடு போட்டு ஓர் இடம். நடப்பவர்களுக்கு ஒரு பாதை. வண்டிகளுக்கு வெளி வீதிக்கு அப்பால் நிறுத்துமிடம். வணிகர் சங்கத் தலைவர் இங்கே இருக்கிறார்கள். ஐயா, நடந்து வருகிறவன்தான் கடை வாசலில் நிற்பான், பொருளைத் தொட்டுப் பார்ப்பான், விலை கேட்பான். உங்கள் சங்கம் இதற்குத் துணை நிற்க வேண்டும் என்று இந்த மேடையிலேயே கைகூப்பிக் கேட்கிறேன்.

காந்தியடிகள் 1921 செப்டம்பர் 22 அன்று மேல மாசி வீதி வீட்டில் தங்கியிருந்தபோதுதான் மேலாடையைத் துறந்து அரையாடைக்கு மாறினார். அந்த வீட்டு வாசலுக்குப் பிள்ளைகளை வரிசையாக நடத்திக் கூட்டிப்போக நான் அஞ்சுகிறேன். 1939 ஜூலை 8 அன்று வைத்தியநாத ஐயரோடு கக்கனும் மற்றவர்களும், தாழ்த்தப்பட்டவர்களுக்கு மறுக்கப்பட்டிருந்த கோயிலுக்குள் நுழைந்தார்கள். நடந்துதானே போனார்கள்! நடப்பதற்கு உரிமை கேட்டுப் பெற்ற ஊர் இது.

தெப்பங்களைப் பற்றிப் பேச நேரம் இல்லை. எழுகடல் தெருவில் கடலும் இல்லை, குளமும் இல்லை என்பதை மட்டும் சொல்லி அதை இன்னொரு நாளைக்கு வைத்துக்கொள்கிறேன்.

இந்தக் கூட்டத்தை ஏற்பாடு செய்த இளைஞர்களுக்கும், ஒலிபெருக்கி அமைத்தவருக்கும், எல்லோருக்கும் சுக்குக் காபி கொடுத்த தாய்மார்களுக்கும் நன்றி. வாசலில் மேசை போட்டு மனு வைத்திருக்கிறோம். மாமன்ற உறுப்பினர் அம்மையார் முதல் கையெழுத்தைப் போட ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். இரண்டாவது கையெழுத்து என் ஆசிரியருடையது. மற்றவர்கள் பெயரோடு தெருவின் பெயரையும் எழுதுங்கள், மாநகராட்சியில் கொடுக்கும்போது அது உதவும். வரும் ஞாயிறு காலை ஆறு மணிக்கு விளக்குத்தூண் அடியில் நிற்பேன். வண்டியை வீட்டிலேயே விட்டுவிட்டு வாருங்கள். சில்லறை கொண்டு வாருங்கள், அந்த அம்மாவிடம் காலையில் சில்லறை இருக்காது. வணக்கம்.