மோன்மார்த் மேட்டில் ஒரு நடை: சுசான் வலாதோனின் தெருக்கள்

வணக்கம் உறவுகளே. பாரிஸ் 18ஆம் வட்டாரத்தில், அபெஸ் மெத்ரோ நிலையத்தின் வாசலில் நிற்கிறேன். நேரம் காலை எட்டரை. மோன்மார்த்தைப் பார்க்க என்னோடு வருகிறவர்களை எப்போதும் இந்த நேரத்துக்குத்தான் வரச் சொல்வேன். பதினொரு மணிக்கு மேல் இங்கே ஆளை ஆள் இடித்துக்கொண்டுதான் நடக்க வேண்டும். ஓவியர் சுசான் வலாதோன் வாழ்ந்து வேலை செய்த தெருக்களைப் பார்க்க இன்றைக்கு நீங்கள் என்னோடு வருகிறீர்கள். ஆறுதலாக நடப்போம். நல்ல சப்பாத்து போட்டுக்கொள்ளுங்கள். கல் பாவிய தெருக்கள், ஏற்றமும் இறக்கமும் அதிகம்.

முதலில் தலைக்கு மேலே பாருங்கள். பச்சை இரும்புக் கொடிகள், அவற்றின் மேல் கண்ணாடிக் கூரை. ஹெக்தோர் கிமார் வடிவமைத்த மெத்ரோ வாசல்களில் கூரையோடு தப்பியவை மிகச் சில. இது முன்பு நகர மண்டபத்துக்குப் பக்கத்தில் இருந்தது. 1974இல் இங்கே கொண்டுவந்து வைத்தார்கள். இந்த நிலையம் 36 மீட்டர் ஆழத்தில் இருக்கிறது. பாரிஸ் மெத்ரோவில் நெடுங்காலம் இதுதான் மிக ஆழமான நிலையமாக இருந்தது. இவ்வளவு தோண்டியதற்குக் காரணம் உண்டு. இந்த மேட்டின் வயிற்றில் இருந்தது ஜிப்சம். கை முறிந்தால் வைத்தியசாலையில் போடுகிற பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் அந்தக் கல்லிலிருந்துதான் வருகிறது. நூற்றாண்டுக் கணக்கில் அதை வெட்டியெடுத்ததால் மேட்டின் உள்ளே பல இடங்கள் வெறும் பொந்து.

இதை ஏன் முதலில் சொல்கிறேன் என்றால், மோன்மார்த்தின் கலை வரலாறே இந்தப் பொந்திலும் வாடகையிலும்தான் தொடங்குகிறது. 1860 வரைக்கும் இது பாரிஸுக்கு வெளியே இருந்த ஒரு கிராமம். நகரத்தின் வரிச் சுவருக்கு அப்பால் இருந்ததால் வைன் மலிவு. நிலம் உறுதியில்லாததால் மேலே பெரிய மாளிகைகள் எழும்பவில்லை. கல்லுடைப்போர், துணி வெளுப்போர், தையல் பெண்கள் இங்கே குடியேறினார்கள். ஓவியர்கள் வந்தது அவர்களுக்குப் பிறகு, அதே மலிவு வாடகைக்காக. வழிகாட்டிகள் பலர் ஓவியர்களிலிருந்தே கதையைத் தொடங்குகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. உழைத்தவர்களை விட்டுவிட்டு இந்த மேட்டைப் பார்க்கவே முடியாது.

ரவிஞன் தெருவால் ஏறி ஒரு சிறிய சதுக்கத்துக்கு வந்துவிட்டோம். எமில் கூதோ சதுக்கம். அந்தப் பக்கம் தெரிகிற கண்ணாடிப் பெட்டியில் பழைய படங்கள் இருக்கின்றனவே, அதுதான் ஓவியர்கள் குடியிருந்து வேலை செய்த பாத்தோ லவுவார். 1904இல் பிக்காசோ இங்கே குடிவந்தார். நவீன ஓவியத்தின் போக்கைத் திருப்பிவிட்ட ‘அவிஞ்ஞோன் பெண்கள்’ 1907இல் இந்த இடத்தில் வரையப்பட்டது. நீங்கள் பார்க்கிற கட்டடம் அது அல்ல. பழையது மரத்தால் ஆனது. 1970இல் தீயில் போய்விட்டது. 1978இல் திரும்பக் கட்டினார்கள்.

உள்ளே எப்படி இருந்தது தெரியுமா? கட்டடம் முழுவதற்கும் ஒரேயொரு தண்ணீர்க் குழாய். கோடையில் அடுப்பு, மாரியில் பனிக்கட்டி. பிக்காசோவோடு இங்கே வாழ்ந்த ஃபெர்னாந்த் ஒலிவியே, இரவு கிண்ணத்தில் மிஞ்சிய தேநீர் விடிவதற்குள் உறைந்துவிடும் என்று தன் நினைவுகளில் எழுதினார். அவர் ஓவியர்களுக்கு மாதிரியாக உட்கார்ந்து சம்பாதித்த பெண். இந்த வாழ்க்கையைச் சுதந்திரம் என்று கொண்டாடுகிறவர்கள் அந்தக் குளிரையும் சேர்த்துச் சொல்ல வேண்டும் என்று நான் நினைக்கிறேன். வறுமை யாருக்கும் கலையைக் கற்றுக் கொடுப்பதில்லை. மலிவான வாடகை வேலை செய்ய நேரம் கொடுக்கும். அந்த நேரம்தான் இங்கே கிடைத்தது.

இப்போது லெப்பிக் தெருவில் நடக்கிறேன். கீழே 54ஆம் இலக்க வீட்டில் 1886 முதல் 1888 வரை வான்கோ தன் தம்பி தியோவோடு இருந்தார். மேலே தெரிவது காற்றாலை, மூலன் த லா கலெத். ஞாயிற்றுக்கிழமைகளில் இங்கே நடந்த நடனத்தைத்தான் ரெனுவார் 1876இல் வரைந்தார். படம் ஓர்சே அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதைப் பார்க்கப் போனால் ஆடுகிற பெண்களைக் கவனியுங்கள். அவர்களில் பலர் இந்த மேட்டின் தையல்காரப் பெண்கள். வாரம் முழுவதும் ஊசி பிடித்துவிட்டு ஒரு நாள் ஆட வந்தவர்கள்.

அப்ரவுவார் தெருவில் இளஞ்சிவப்பு வீட்டுக்கு முன்னால் படம் எடுக்கக் கூட்டம் நிற்கிறது. நாங்கள் தாண்டிப் போவோம். சோல் தெருவால் கீழே இறங்கினால் பாருங்கள், திராட்சைத் தோட்டம்! பாரிஸ் நகரத்துக்கு நடுவே, வடக்கைப் பார்த்த சரிவில். திராட்சைக்கு வடக்குச் சரிவு உகந்ததல்ல என்பது விவசாயம் தெரிந்தவர்களுக்கு விளங்கும். வைனுக்காக மட்டும் நட்டிருந்தால் இந்த இடத்தைத் தேர்ந்தெடுத்திருக்க மாட்டார்கள். இங்கே கட்டடம் எழுப்பும் திட்டம் வந்தபோது, ஓவியர் புல்போவும் அக்கம்பக்கத்தாரும் எதிர்த்து நின்றார்கள். 1933இல் கொடிகளை நட்டார்கள். இன்றைக்கும் தோட்டம் நகராட்சியின் சொத்து. அக்டோபரில் அறுவடைத் திருவிழா நடக்கும். ஓர் ஊர் தன் நிலத்தைக் காப்பாற்றிக்கொண்ட இடம் என்பதால் இந்த வேலியோரம் நிற்பது எனக்கு எப்போதும் பிடிக்கும்.

தோட்டத்துக்கு எதிரே அந்தச் சிறிய வீடு லாப்பன் அஜில். இரவில் இன்றைக்கும் பாட்டு நடக்கிறது. 1905இல் பிக்காசோ வரைந்த ஓர் ஓவியம் சில ஆண்டுகள் இதன் சுவரில் தொங்கியது. அதே ஓவியம் 1989இல் ஏலத்தில் 4 கோடி டாலருக்கு மேல் போனது.

இனி கோர்த்தோ தெரு. இந்த நடையே இந்தத் தெருவுக்காகத்தான். 12ஆம் இலக்கம், மோன்மார்த் அருங்காட்சியகம். பத்து மணிக்குத் திறக்கிறார்கள், அதற்கேற்பத்தான் நடந்து வந்தோம். தோட்டத்தில் ஓர் ஊஞ்சல் தொங்குகிறது. ரெனுவார் 1876இல் இங்கே அறை எடுத்து வேலை செய்தபோது, ‘ஊஞ்சல்’ என்ற ஓவியத்தை இந்தத் தோட்டத்தில் வரைந்தார். அதன் நினைவாக மாட்டியிருக்கிறார்கள். எல்லோரும் ஊஞ்சலோடு நின்றுவிடுகிறார்கள். நீங்கள் மேல்மாடிக்கு வாருங்கள். பெரிய கண்ணாடிச் சன்னல், இரும்பு அடுப்பு, ஓவியச் சட்டங்கள். சுசான் வலாதோன் வேலை செய்த அறை இது. பழைய புகைப்படங்களையும் கடிதங்களையும் வைத்துத் திரும்ப அமைத்து 2014இல் திறந்தார்கள்.

வலாதோன் 1865இல் லிமோஜ் பக்கத்துக் கிராமம் ஒன்றில் பிறந்தார். தாய்க்குக் கணவன் இல்லை. மகளைக் கூட்டிக்கொண்டு இந்த மேட்டுக்கு வந்து, துணி வெளுத்துப் பிழைத்தார். சிறுவயதிலேயே வேலைக்குப் போன சுசான் சர்க்கஸில் சேர்ந்தார். விழுந்து அடிபட்டதால் அதுவும் முடிந்தது. பிறகு ஓவியர்களுக்கு மாதிரியாக நின்றார். ரெனுவாரின் 1883ஆம் ஆண்டு நடனப் படங்கள் இரண்டில் ஆடுகிறவர் இவர்தான். துலூஸ் லோத்ரெக்கின் ஓவியத்தில் மதுக் கிண்ணத்துக்கு முன்னால் களைத்து உட்கார்ந்திருப்பவரும் இவர்தான்.

மணிக்கணக்காக அசையாமல் நின்ற அந்தப் பெண், தன்னை வரைந்தவர்களின் கையைப் பார்த்துக்கொண்டே இருந்தார். அவருக்கு வேறு பள்ளிக்கூடம் இல்லை. பாரிஸின் பெரிய நுண்கலைக் கல்லூரி பெண்களைச் சேர்த்துக்கொண்டது 1897இல்தான். அதற்கு மூன்று ஆண்டுகள் முன்பே, 1894இல், இவருடைய கோட்டோவியங்கள் தேசிய நுண்கலைச் சங்கத்தின் கண்காட்சியில் இடம்பிடித்துவிட்டன. எளிதில் யாரையும் பாராட்டாத ஓவியர் தெகா இவருடைய படங்களைக் காசு கொடுத்து வாங்கினார். 1909இல் தன்னையும் தன் காதலர் அந்த்ரே உத்தேரையும் ஆதாம் ஏவாளாக ஆடையில்லாமல் வரைந்தார். பின்னர் அந்தப் படத்தைக் காட்சிக்கு வைக்க, ஆணின் இடுப்புக்கு மட்டும் இலைகள் சேர்க்க வேண்டியிருந்தது. பெண்ணுடலைக் காட்டுவதில் யாருக்கும் சிக்கல் இருந்ததில்லை. ஓர் ஆணை ஒரு பெண் பார்த்து வரைந்ததுதான் சிக்கலாகிவிட்டது.

ஒரு படத்தைப் பற்றி மட்டும் கொஞ்சம் நின்று கதைக்க வேண்டும். 1923இல் வரைந்த ‘நீல அறை’. ஒரு பெண் கட்டிலில் சாய்ந்திருக்கிறார். அந்தக் கால வழக்கப்படி ஆடையில்லாமலோ பட்டு உடுத்தோ இல்லை. கோடு போட்ட தொளதொளக் காற்சட்டை, தோளில் நழுவுகிற இளஞ்சிவப்பு உள்சட்டை, வாயில் சிகரெட், காலடியில் இரண்டு புத்தகங்கள். தடித்த கைகள். பார்வை எங்கேயோ இருக்கிறது, படத்தைப் பார்க்க வந்தவர் மீது இல்லை. வேலை முடித்து வந்து தனக்காகப் படுத்திருக்கும் பெண். ஆயிரம் ஆண் ஓவியர்கள் கட்டிலில் கிடத்திய பெண்களைப் பார்த்துவிட்டு இந்தப் படத்துக்கு முன்னால் வந்து நின்றால், பாதையோரம் நெடுநேரம் நின்ற பஸ்ஸிலிருந்து இறங்கிய மாதிரி மூச்சு வரும். 2025இல் பொம்பிதூ மையம் இவருக்குப் பெரிய கண்காட்சி நடத்தியது. இவ்வளவு காலம் இவரை ஓவியர் மோரிஸ் உத்ரில்லோவின் தாய் என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்தார்களே என்பது எனக்குப் பெரிய வருத்தம். குடியிலிருந்து மீட்க அந்த மகனின் கையில் தூரிகையைக் கொடுத்தவரும் இவர்தானே.

வெளியே வந்தால் தெர்த்ர் சதுக்கம். ஓவியர்கள் குடை விரித்துவிட்டார்கள். நகராட்சியின் அனுமதி பெற்றவர்கள் இவர்கள். ஒவ்வோர் இடமும் ஒரு சதுர மீட்டர்தான், அதையும் இருவர் முறை வைத்துப் பகிர்கிறார்கள். இவர்களை மட்டமாகப் பேசுவது எனக்குப் பிடிக்காது. குளிரிலும் வெயிலிலும் நின்று வேலை செய்கிறார்கள். உருவப்படம் வேண்டுமென்றால் விலையை முதலில் பேசிக்கொள்ளுங்கள். தெருவில் பின்னால் வந்து வரையத் தொடங்குகிறவர்களிடம் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.

இதோ சாக்ரே கேர் தேவாலயம். வெள்ளைக் கல், மழை பட்டால் சுண்ணச்சத்து கசிந்து தானே வெளுத்துக்கொள்ளும். முன்பு சொன்ன பொந்து நினைவிருக்கிறதா? இந்தப் பாரத்தைத் தாங்க 83 குழிகளை 33 மீட்டர் ஆழத்துக்குத் தோண்டித் தூண் இறக்கினார்கள். 1875இல் அடிக்கல். அதற்கு நான்கு ஆண்டுகள் முன்பு, 1871 மார்ச் 18 காலை, இந்த மேட்டிலிருந்த பீரங்கிகளைக் கொண்டுபோக அரசுப் படை வந்தது. பால் வாங்கவும் தண்ணீர் எடுக்கவும் எழுந்த பெண்கள் படையினரைச் சூழ்ந்துகொண்டார்கள். சுடச் சொன்ன கட்டளையைப் படையினர் மறுத்தார்கள். பாரிஸ் மக்கள் எழுந்து நகரத்தைத் தாங்களே ஆண்ட பாரிஸ் கம்யூன் தொடங்கியது அன்றுதான். மே மாத இறுதியில் அதை இரத்தத்தில் மூழ்கடித்தார்கள். அதே மேட்டில் எழுந்த இந்தத் தேவாலயத்தைத் தொழிலாளர் பலர் நெடுங்காலம் ஏற்றுக்கொள்ளவில்லை. படிக்கட்டுகளைச் சுற்றியுள்ள பூங்காவுக்கு 2004இல் லூயிஸ் மிஷேலின் பெயரை வைத்தார்கள். இந்த மேட்டில் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக் கொடுத்த ஆசிரியை, கம்யூனில் போராடி நியூ கலிடோனியாவுக்கு நாடு கடத்தப்பட்டவர். தேவாலய வாசலிலேயே அவர் பெயர் நிற்பது எனக்கு மனநிறைவைத் தருகிறது.

படியால் இறங்குகிறேன். கையில் நூல் கட்டிவிட்டுக் காசு கேட்கிறவர்களிடம் கையை நீட்டாமல் நடவுங்கள். முழங்கால் வலி உள்ளவர்கள் கேபிள் வண்டியில் இறங்கலாம். மெத்ரோ டிக்கெட்டே போதும். அந்த வண்டி நிற்கும் சதுக்கத்தின் பெயர்ப் பலகையைக் காட்டுகிறேன்: சுசான் வலாதோன் சதுக்கம். வரிசையில் நிற்கிறவர்கள் பெரும்பாலும் நிமிர்ந்து பார்ப்பதில்லை. நீங்கள் வந்தால் பாருங்கள், கூட வருகிற பிள்ளைகளுக்கும் வாசித்துக் காட்டுங்கள்.

பசிக்கிறதா? இந்த மேடும், தமிழ்க் கடைகள் நிறைந்த எங்கள் லாச்சப்பலும் 1860இல் ஒன்றாகப் பாரிஸோடு சேர்ந்த கிராமங்கள், இன்றும் ஒரே வட்டாரம். கீழே அன்வேர் நிலையத்தில் 2ஆம் இலக்க மெத்ரோவில் ஏறினால் இரண்டாவது நிறுத்தம். மதியச் சாப்பாட்டை அங்கே வைத்துக்கொள்ளுங்கள். இங்கே சதுக்கத்தில் கொடுக்கிற விலையில் அங்கே இரண்டு பேர் வயிறாரச் சாப்பிடலாம்.